ஸ்டேக் வாட்டுற கை

ஆரின்ரையோ வீட்டு அடுப்பிலை நிண்டு, ஆரின்ரையோ விருந்தாளிக்குச் சமைச்சுக் குடுத்துப் பிழைக்கிற என்ரை சகோதரங்களே, கை சுட்டாப் பைப்புத் தண்ணியிலை பிடிக்கலாம், ஆக்களின்ரை கதை சுட்டா எங்கை கொண்டுபோய்ப் பிடிக்கிறது?

நான் இருக்கிறது பாரிசிலை, எங்கடை தமிழ்க் கடையள் இருக்கிற லாச்சப்பலிலை. ஒரு பிரெஞ்சு ரெஸ்ரோறன்ரிலை ஆறு வருசம் இறைச்சி வாட்டினனான். இப்ப வீடுகளுக்குப் போய் விருந்து சமைச்சுக் குடுக்கிறன். கூடக் கேக்கிறது ஒரே சாப்பாடுதான்: ஸ்டேக் எண்டிற மாட்டிறைச்சித் துண்டு, பக்கத்திலை வாட்டின சிவப்புக் கறிமிளகாய், அதோடை சோளரவையைப் பாலும் பட்டரும் விட்டுக் கிண்டின களி. நான் மாட்டிறைச்சி வாயிலை வைக்கிறேல்லை. விரலாலை அமத்திப் பாத்தே பதம் சொல்லுவன்.

சமையல்காரரைக் காணேல்லை

பணக்காரர் இருக்கிற பதினாறாம் வட்டாரத்திலை ஒரு பிரெஞ்சு மதாம். கதவைத் திறந்தவ என்னைப் பாக்கேல்லை, எனக்குப் பின்னாலை படியைப் பாத்தா. சமையல்காரர் வாகனம் நிப்பாட்டப் போயிட்டாரோ எண்டு கேட்டா. நான்தான் சமைக்க வந்தனான் எண்டு சொன்னன். உடனை குசினிக்குள்ளை வந்து என்ரை பையைத் துழாவினா, கறித்தூள் ஒளிச்சு வைச்சிருக்கிறனோ எண்டு. அதுக்குள்ளை கிடந்தது உப்பும் மிளகும் என்ரை கத்தியும்.

சாப்பாடு முடிய நாலு சாப்பாட்டுக் கோப்பையும் வழிச்சுத் துடைச்ச மாதிரித் திரும்பி வந்தது. ஒரு நன்றி சொன்னாப் போதும், நான் என்ரை பாட்டிலை மெத்ரோ பிடிச்சுப் போயிருப்பன். மதாம் என்ரை தோளிலை தட்டிச் சொன்னா: "எங்கடை சாப்பாட்டை இவ்வளவு வடிவாச் செய்ய உங்களுக்கு ஆர் பழக்கினது?"

சிவப்புத் தெரியக் கூடாது

எங்கடை ஆக்கள் மட்டும் என்ன திறமோ? லெ பிளாங்-மெனில் பக்கம் ஒரு தமிழ் வீட்டிலை பிறந்தநாள். பிள்ளையள் ஸ்டேக்தான் வேணும் எண்டு நிண்டிட்டுதுகள். வீட்டுக்காரர் முதல் துண்டை வெட்டினார், உள்ளுக்கை இளஞ்சிவப்பு. ரத்தம் ஓடுது எண்டு திருப்பி அனுப்பினார். இன்னும் வாட்டினன். திரும்பவும் வந்தது. மூண்டாம் தரம், அண்ணை, இதுக்கு மேலை வாட்டினால் கடிக்கேலாது எண்டு சொன்னன். கேக்கேல்லை. கரியாக்கிக் குடுத்தன்.

கனநேரம் சப்பினார். பிறகு களியைக் கரண்டியாலை ஒருக்காக் கிண்டிப் பாத்தார். முக்கால் மணித்தியாலம் கை ஓயாமல் துழாவின களி அது, ஒரு கட்டியில்லை. எனக்கு வந்த விசருக்குச் சட்டியோடை தூக்கி அவற்றை தலையிலை கவிட்டிருப்பன். எல்லாற்றை முன்னாலையும் கேக்கிறார்: "இறைச்சி செருப்பு, இது கஞ்சி. தங்கச்சி, உமக்கு உண்மையிலை சமைக்கத் தெரியுமோ?"

அது வேறை

போன வருசம் என்ரை மனிசனுக்கு நெஞ்சிலை ஒபரேசன். நல்லபடியா எழும்பி வந்தா, கோயில் திருவிழாவிலை ஒருநாள் அன்னதானம் என்ரை கையாலை சமைச்சுப் போடுவன் எண்டு நேர்த்தி வைச்சனான். மனிசன் எழும்பி வந்திட்டார். கோயில் செயலாளர் அண்ணையிட்டைப் போய்க் கேட்டன். ஒருநாள் உபயம் தந்தார். ஆனால் அன்னதானக் குசினிப் பக்கம் நான் வரக்கூடாதாம். மாட்டிறைச்சி பிடிக்கிற கையாம். காய்கூட வெட்டப்படாதாம்.

வேறை ஆரோ சமைச்சால் அது என்ரை நேர்த்தியோ? கண்டறியாத சுத்தம். சபையிலை இருக்கிற ஆம்பிளையள் அரைவாசிப் பேர் ரெஸ்ரோறன்ரிலை ஸ்டேக் வாட்டிப்போட்டு வந்துதான் இஞ்சை சாம்பார் வாளி தூக்கினம், அந்தக் கையளை எதாலை கழுவினவை எண்டு கேட்டன். செயலாளர் அண்ணை கண்ணைக்கூடச் சிமிட்டேல்லை. "அவை ஆம்பிளையள், தொழிலுக்குச் செய்யினம். அது வேறை, தங்கச்சி."

புதுச் சட்டி

ரெண்டு கிழமை போகேல்லை. லாச்சப்பல் மரக்கறிக் கடையிலை நான் கறிமிளகாய் தெரிஞ்சுகொண்டு நிக்கிறன். அதே செயலாளர் அண்ணை பக்கத்திலை வந்து, கத்தரிக்காய் பாக்கிற மாதிரி நிண்டுகொண்டு மெல்லமாக் கதைக்கிறார். தன்ரை மகன்ரை பத்ரோன், வேலையிடத்து முதலாளி, பிரெஞ்சுக்காரர், ஞாயிறு மத்தியானம் வில்லியே லே பெல்லிலை இருக்கிற தங்கடை வீட்டுக்குச் சாப்பிட வாறாராம். அவருக்கு ஸ்டேக் எண்டால் உயிராம். நான் வந்து செய்து தரவேணுமாம், அயலுக்குத் தெரியப்படாதாம். ஊருக்குத்தான் உபதேசம். மூஞ்சையிலை அடிச்ச மாதிரி மாட்டன் எண்டு சொல்லியிருப்பன். ஆனால் என்ரை நேர்த்தி அவற்றை கையிலை எல்லோ கிடக்கு. என்ரை கையாலை ஒருக்காச் சாப்பாடு போட்டால் மனம் மாறும் எண்டு நினைச்சுப் போனன்.

செயலாளர் அண்ணையின்ரை மனிசி பவளக்கா ஒரு புதுச் சட்டி வாங்கி வைச்சிருந்தா. சமைச்சு முடிய அதை நானே கொண்டுபோயிட வேணுமாம். மணம் போகாமல் சாமியறைக் கதவின்ரை அடியைத் துவாயாலை அடைச்சிருந்தினம். எரிச்சலோடைதான் தொடங்கினன், ஆனால் அடுப்பு மூட்டினால் கை தன்ரை வேலையைப் பாக்கும். சட்டியைப் புகைய வைச்சு, ரெண்டு பக்கமும் முறுக விட்டு, பட்டரை அள்ளி அள்ளி மேலை ஊத்தி எடுத்து, வெட்டாமல் ஆற வைச்சன். கறிமிளகாயைத் தோல் கருக வாட்டி உரிச்சன். களி கரண்டியிலை இருந்து மெல்ல வழிஞ்சது. இவ்வளவு காலத்திலை அப்பிடியொரு ஸ்டேக் நான் வாட்டினதில்லை.

பவளக்காதான் கொண்டுபோய் வைச்சா. என்னைக் குசினியை விட்டு வெளியிலை வரவேண்டாம் எண்டிட்டினம். பத்ரோன் ஒரு வாய் சாப்பிட்டிட்டு, இதை ஆர் சமைச்சது எண்டு கேக்கிறார். கதவுக்குப் பின்னாலை நான் நிக்கிறன். செயலாளர் அண்ணை நல்ல பிரெஞ்சிலை சொல்லுறார்: "முழுக்க என்ரை மனிசிதான், வேறை ஆரையும் நாங்கள் குசினிக்குள்ளை விடுறேல்லை."

என்ரை உபயம்

எங்கடை உபயத்தண்டு காலமை தலை முழுகிப்போட்டு நேரே அன்னதானக் குசினிக்குள்ளை போனன். பவளக்கா நடுவிலை இருந்து பூசணிக்காய் வெட்டிக்கொண்டிருந்தா. என்னைக் கண்டதும் தலையைக் குனிஞ்சா. நான் பக்கத்திலை குந்திக் கத்தியொண்டை எடுத்தன். செயலாளர் அண்ணை ஓடி வந்தார். உமக்கு எத்தினை தரம் சொல்லுறது, எழும்பும் எண்டார். அங்கை நிண்ட எல்லாரும் வேலையை விட்டிட்டுப் பாக்கினம்.

"அண்ணை, உங்கடை வீட்டிலை போன கிழமை ஸ்டேக் வாட்டினது ஆர்? பவளக்கா எண்டுதானே பத்ரோனுக்குச் சொன்னனீங்கள்" எண்டன். "அப்ப முதல்லை அவவை எழும்பச் சொல்லுங்கோ, பிறகு நான் எழும்புறன்."

பவளக்கா எழும்பேல்லை. அரைப் பூசணிக்காயை என்ரை பக்கம் தள்ளிவிட்டா. செயலாளர் அண்ணை சால்வையை இழுத்துச் சரிசெய்தார், சுத்தி நிண்டவையை ஒருக்காப் பாத்தார், பிறகு என்ரை முகத்தைப் பாக்காமல் சொன்னார்: "துண்டைக் கொஞ்சம் சின்னனா வெட்டுங்கோ, தங்கச்சி."

சாமிக்கு வைச்ச நேர்த்தி அண்டைக்கே தீர்ந்திட்டுது, சனத்திலை வந்த கோவம்தான் இன்னும் தீரேல்லை.