சட்டைப் பையில் சீப்பு

திருத்தணி மலையில் மொட்டை போட்டு வருகிறவர்களின் தலையில் சந்தனம் பூசிவிடுவது என் பிழைப்பு. ஒருமுறை பார்த்த முகத்தை மறுபடி பார்ப்பது அபூர்வம். பொதட்டூர்பேட்டைத் தறிக்காரர் ஒருவர் மட்டும் வந்துகொண்டே இருந்தார். ஒடிசலான உடம்பு, நடுங்கும் விரல்கள், சட்டைப் பையில் எப்போதும் ஒரு சீப்பு. குடியை விடுவதாக முருகனிடம் வேண்டிக்கொண்டு முடி கொடுப்பார். மறுபடி குடித்துவிட்டால், மறுபடி வந்து கொடுப்பார்.

போன ஆடியில் அவருக்குப் பூசும்போது எனக்கே சலிப்பாக இருந்தது.

"மொட்டைத் தலைக்கு எதுக்குங்க சீப்பு?" என்றேன்.

"வீட்ல வாங்கிக் குடுத்தது. இப்போ அம்மையார்குப்பத்துல அவங்க அம்மா வூட்ல கீறா. மொட்டையப் பாத்தாலே குடிச்சிட்டேன்னு தெரிஞ்சிடுதுங்க அவளுக்கு. இனிமே தலை வாரிக்கினு வந்தாத்தான் கதவு தொறப்பேன்னுட்டா."

"வளருமா?"

"ஆங், வளரும்ங்க. நான்தான் விடமாட்டேன்றேன்."

போன வாரம் வந்தார். காதை மூடும் அளவுக்கு முடி, வகிடெடுத்து வாரியிருந்தார். சந்தோஷமாக எழுந்தேன். அவர் என் பக்கம் திரும்பாமல் மொட்டை போடும் மண்டபத்துக்குள் போனார். நான் உட்கார்ந்து சந்தனத்தைக் குழைத்தேன்.

வெளியே வந்ததும் அவர் சட்டைப் பையைத்தான் முதலில் பார்த்தேன். சீப்பு இருந்தது.