ஒன்பதில் எழுந்தவன்

பினாங்கின் டத்தோ கிராமாட் வட்டாரத்துக் குத்துச்சண்டைக்காரன் முத்தையனின் குத்தைப் பார்த்தவர்களுக்காக இதை எழுதுகிறேன். சென்னைப்பட்டணத்திலிருந்து கப்பலில் வந்திறங்கிய ஜவுளி வியாபாரி ஒருவர்தான் துறைமுகத்தில் என்னை நிறுத்திச் சேதி சொன்னார். படப்பிடிப்பில், சண்டைக் காட்சியில், மாடியிலிருந்து விழுந்து முத்தையன் இறந்துவிட்டான். "கொஞ்ச நேரம் யாரும் கிட்டப் போகலையாம் அண்ணே. நடிக்கிறார்னு நெனச்சிட்டாங்களாம்" என்றார். சேதி கொண்டுவந்த மனிதரை அடிக்கக் கை ஓங்கிவிட்டேன்.

குத்துச்சண்டை மேடையில் முத்தையனின் மூலையில் துண்டும் தண்ணீருமாக நின்றவன் நான். ஒருமுறை சயாம்காரன் ஒருவன் அவன் புருவத்தைக் கிழித்துவிட்டான். கண்ணுக்குள் ரத்தம் இறங்க, முத்தையன் சுருண்டு விழுந்தான். நடுவர் எண்ணத் தொடங்கினார்; பத்துக்குள் எழாவிட்டால் தோல்வி. கூட்டமும் தமிழிலும் மலாயிலுமாகச் சேர்ந்து எண்ணியது. நம் ஊரில் அதுதானே வழக்கம். ஒன்பதில் எழுந்தவன் அந்த ஆளின் தாடையை உடைத்தான். "எண்ணுற சத்தம் காதுல விழுற வரைக்கும் நான் சாகமாட்டேன்லா" என்றபடி என் துண்டில் ஒரு பல்லைத் துப்பினான்.

அவனுடைய வாட்டசாட்டத்தைப் பார்த்துத்தான் சென்னைப்பட்டணத்துப் படக்காரர்கள் கெட்டவன் வேஷத்துக்கு அழைத்துப் போனார்கள். அடிபடாமலே விழ அவனுக்குத் தெரியாது. முதல் நாளே கதாநாயகனின் கை தவறி மூக்கில் பட, இவன் பழக்கதோஷத்தில் திருப்பிக் கொடுத்து அந்த மகராசனின் முன்பற்களைப் பெயர்த்துவிட்டான். துரத்தாமல் வைத்துக்கொண்டதே பெரிய காரியம். பிறகு தோள்பட்டை கன்றிப்போகும்வரை விழுந்து பழகினான்.

முதல் படம் பினாங்குக்கு வந்தபோது அவனும் ஊருக்கு வந்திருந்தான். நாங்கள் சேர்ந்தே போனோம். திரையில் முத்தையன் விழுந்ததும் கொட்டகையே எண்ணத் தொடங்கியது. "எந்திரி முத்தையா!" பத்தாகியும் எழவில்லை. அவ்வளவுதான், நாற்காலிகள் பறந்தன. திரை கிழிந்தது. கொட்டகைக்காரரின் மண்டை உடைந்தது. "டேய், நான் இங்கதாண்டா இருக்கேன்!" என்று கத்திய முத்தையனின் நெற்றியிலும் ஒரு நாற்காலிக் கால் வந்து விழுந்தது. ரத்தம் வழிய வழியச் சிரித்தான்.

வெளியே வந்து நான் கட்டுப் போட்டபோது அந்தச் சிரிப்பு அடங்கிவிட்டது. "அங்க படம் பிடிக்கிற எடத்துல விழுந்தா யாரும் எண்ணமாட்டாங்கண்ணே. அது மட்டும் எனக்கு இன்னும் பழகல" என்றான்.

கறை போகாத அந்தத் துண்டு என்னிடம்தான் இருக்கிறது. நடிப்பென்று நினைத்துச் சும்மா நின்றவர்கள்மேல் எனக்குக் கோபம் தீரவில்லை. துண்டைக் கையில் எடுத்தால் வாய் தானாக எண்ண ஆரம்பித்துவிடுகிறது. ஒன்பதோடு நிறுத்திவிடுகிறேன். பத்து என்று சொல்ல எனக்கு மனம் வரவில்லை.