எங்கள் வீட்டு கோல்கீப்பரின் புதுக் கிளவுஸ்

நியூ ஜெர்சியில், எடிசனில் எங்கள் வீட்டு மாடி அறையில் ஒரு டச்சுக்காரப் பெண் எட்டு மாதம் தங்கியிருந்தாள். தொழில் கால்பந்து. கோல்கீப்பர். அந்த எட்டு மாதத்தில் அவள் ஆடியது ஒரே ஒரு மேட்ச். அந்த ஒன்றையும் நான்தான் கெடுத்தேன். கெடுக்கவில்லை என்கிறார் என் வீட்டுக்காரர். அவர் எதற்கும் இல்லை என்றுதான் சொல்வார், அதனால் அதை நான் கணக்கில் எடுப்பதில்லை.

அவள் எங்கள் வீட்டுக்கு வந்தது மகள் செய்த வேலை. மகன் டெக்சஸில், மகள் சன்னிவேலில். இரண்டு பேருக்கும் ஒரு நாளைக்கு நாலு தடவை போன் பண்ணுவேன். எடுக்கவில்லை என்றால் ஐந்தாவது தடவை. வெளிநாட்டிலிருந்து ஆட வருகிற பெண்களை க்ளப்பில் சில சமயம் குடும்பங்களோடு தங்க வைப்பார்களாம். மகள் எங்கள் பேரில் அப்ளை பண்ணிவிட்டு அப்புறம்தான் சொன்னாள். "போன்ல எங்களப் பத்தி கவலைப்படறதுக்கு, நேர்ல ஒரு ஆளப் பத்தி கவலைப்படும்மா" என்றாள்.

பட்டேன். எங்கள் சமையலறையில் மாட்டுக்கறி சமைப்பாளோ, செருப்போடு பூஜை அலமாரி வரை வருவாளோ, விசாவில் ஏதாவது கோளாறு வந்து எங்கள் வீட்டுக் கதவைத் தட்டுவார்களோ. என் இங்கிலீஷ் வேறு. ஒன்பதாம் வகுப்போடு நின்றவள் நான். அப்பாவுக்கு உடம்பு சரியில்லை, மூன்று மாதம் வீட்டில் இரு என்றார்கள். அந்த மூன்று மாதம் இன்னும் முடியவில்லை. கடைக்கும் டாக்டர் வீட்டுக்கும் போதுமான இங்கிலீஷை இங்கே வந்துதான் பொறுக்கிக்கொண்டேன்.

வந்தவள் கதவு நிலையில் தலை குனிந்து நுழைகிற உயரம். செருப்பை வெளியிலேயே கழற்றினாள். மகள் சொல்லிக்கொடுத்திருந்தாள் போல, ஆன்ட்டி என்றே கூப்பிட்டாள். முதல் நாள் சாம்பாரை ஊற்றி, நல்லா இருக்கா கண்ணு என்று கேட்டேன். புளி அதிகம் என்றாள். முப்பது வருஷத்தில் என்னிடம் யாரும் அப்படிச் சொன்னதில்லை. வீட்டுக்காரர் தட்டைப் பார்த்துக்கொண்டு சிரித்தார். மறுநாள் புளியைக் குறைத்தேன். அவரும் இரண்டாம் தடவை வாங்கிச் சாப்பிட்டார். இத்தனை வருஷமாக இந்த மனுஷன் வாயைத் திறக்கவில்லை பாருங்கள்.

அவளுக்கு அப்போது வயது இருபத்தொன்பது. காலையில் தோசை ஊற்றும்போது ஒவ்வொன்றாகச் சொல்வாள். ஆறு வயதிலிருந்து பையன்களோடு ஆடியிருக்கிறாள். கை நீளம் என்று பத்து வயதில் கோலில் நிற்க வைத்தார்கள். பதினெட்டில் பெரிய க்ளப். அங்கே ஏற்கெனவே ஒரு கீப்பர் இருந்தாள். மற்ற இடங்களில் ஆள் மாற்றுவார்கள், நடுவில் பத்து நிமிஷமாவது இறக்குவார்கள். கோலில் நிற்பது ஒரு ஆள்தான். அந்த ஆளுக்கு அடிபட்டால் ஒழிய அடுத்தவளுக்கு வேலை இல்லை. காலையில் பிராக்டிஸ், சாயங்காலம் சூப்பர்மார்க்கெட்டில் அட்டைப்பெட்டி பிரித்து அடுக்குகிற வேலை என்று இரண்டு வருஷம் பெஞ்சில் இருந்தாள். பிறகு ஜெர்மனி. அங்கே இடம் கிடைத்தது, பதினோரு மேட்ச் ஆடினாள், முழங்கால் போனது. ஆபரேஷன் முடிந்து வந்தால் அவள் இடத்தில் இன்னொருத்தி. பிறகு ஸ்வீடன். தேசிய அணிக்கு மூன்று தடவை கூப்பிட்டார்கள், மூன்று தடவையும் மூன்றாவது கீப்பராக. சீருடை போட்டுப் படம் எடுத்தார்கள், ஆடவிடவில்லை. பிறகுதான் நியூ ஜெர்சி, எங்கள் மாடி அறை. இங்கேயும் இரண்டாவது கீப்பர்தான்.

இதையெல்லாம் அவள் பஸ் நேரம் சொல்வதுபோலச் சொல்வாள். எனக்குத்தான் தோசை கருகும்.

க்ளப்பின் சொந்த மைதானத்தில் நடக்கும் மேட்சுக்கெல்லாம் எங்களுக்கு டிக்கெட் கொடுப்பார்கள். போவோம். ஆட்டம் தொடங்குவதற்கு முன்னால் பயிற்சிக்காக கோலில் நிற்பாள். பாய்ந்து பாய்ந்து பிடிப்பாள். அப்புறம் ஒரு மேலாடையைப் போட்டுக்கொண்டு பெஞ்சில் போய் உட்கார்ந்துவிடுவாள். தொண்ணூறு நிமிஷம் நான் ஆட்டத்தைப் பார்க்காமல் அவளையே பார்த்துக்கொண்டிருப்பேன். இந்தியக் கடைகள் இருக்கிற ஓக் ட்ரீ ரோட்டில் காய் வாங்கப் போனால் தெரிந்தவர்கள் கேட்பார்கள், என்னங்க, உங்க வீட்டுப் பொண்ணு இந்த வாரமாவது நின்னுச்சா என்று. ஒரு அம்மா, எங்க பையன் ஐ.டி. கம்பெனியில வேலை இல்லாம பெஞ்ச்ல இருந்தப்போ ஆறு மாசத்துல ப்ராஜெக்ட் கிடைச்சுதுங்க, இதுக்கு இன்னும் கிடைக்கலையா என்றார். கத்தரிக்காயைப் போட்டுவிட்டு வந்துவிட்டேன்.

ஆகஸ்டுக்கு மேல் நான் காலண்டரைப் பார்த்து நாள் எண்ண ஆரம்பித்தேன். சீசன் நவம்பரில் முடிகிறது. கான்ட்ராக்ட் அதோடு முடியும், விசாவும் அதை ஒட்டித்தான். மேட்சில் பார்க்காத கீப்பரை எந்த கோச் இன்னொரு வருஷம் வைத்துக்கொள்வான்? ஒரே ஒரு மேட்ச் கிடைத்தால் போதும், காட்டிவிடுவாள் என்று நினைத்தேன். அதற்கு முதல் கீப்பருக்கு ஏதாவது ஆகவேண்டும். அப்படி வேண்டிக்கொள்வது பாவம். சாமி முன்னால் நின்று, யாருக்கும் கெடுதல் இல்லாம இந்தப் பிள்ளைக்கு ஒரு மேட்ச் குடு என்பேன். யாருக்கும் கெடுதல் இல்லாமல் எப்படிக் கொடுக்கமுடியும் என்று எனக்கே தெரியும். திரும்பிப் போய் முதல் கீப்பருக்கும் சேர்த்து ஒரு கற்பூரம் ஏற்றுவேன்.

அந்த வருஷம் ஆயுத பூஜை வெள்ளிக்கிழமை வந்தது. மறுநாள் சனிக்கிழமை ஒரு மணிக்கு மேட்ச். வெள்ளி காலையில் அவள் பிராக்டிஸுக்குக் கிளம்பும்போது விஷயத்தைச் சொன்னேன். இன்றைக்கு அவரவர் தொழில் செய்கிற சாமானைச் சாமி முன்னால் வைத்துக் கும்பிடுவோம், நீயும் ஏதாவது கொடு என்றேன். அவளுக்கு ரொம்பப் பிடித்துவிட்டது. மாடிக்கு ஓடி ஒரு ஜோடி கிளவுஸ் எடுத்துவந்தாள். புத்தம் புதுசு, கவர்கூடப் பிரிக்கவில்லை. தினமும் போடுவது கட்டைவிரல் பக்கம் கிழிந்த பழைய ஜோடி. இது என்றைக்காவது மேட்ச் கிடைத்தால் போட வைத்திருந்தது. என் கையில் கொடுத்துவிட்டுப் போனாள்.

கழுவாத சாமானைச் சாமி முன்னால் வைப்பதில்லை. அரிவாள்மணை, கத்தி, தையல் மெஷின், காரின் சக்கரம் எல்லாம் கழுவித் துடைத்தாயிற்று. கிளவுஸையும் பாத்திரம் தேய்க்கும் சோப்புப் போட்டுத் தேய்த்தேன். உள்ளங்கைப் பக்கம் ஒரு மாதிரி பிசுபிசுவென்று இருந்தது. கடைத் தூசி என்று அங்கே இரண்டு தடவை தேய்த்தேன். பத்தரைக்கு ராகு காலம். பத்து மணிக்கும் அது சொட்டச் சொட்ட ஈரம். டிரையரில் போட்டு ஹை ஹீட் வைத்தேன். பத்து இருபதுக்கு எடுத்து, மணையில் வைத்துச் சந்தனம் குங்குமம் வைத்தேன். கத்திக்குச் சந்தனம் எங்கே வைப்போம், வெட்டுகிற பக்கம்தானே. கிளவுஸுக்கும் பிடிக்கிற பக்கம், உள்ளங்கையிலேயே வைத்தேன். நல்ல நேரத்துக்குள் முடித்துவிட்ட திருப்தியில் சுண்டல் தாளித்தேன்.

இரண்டு மணிக்கு அவள் வந்தாள். செருப்பைக் கழற்றாமலே உள்ளே வந்தாள். முதல் கீப்பருக்குக் காய்ச்சலாம். நாளைக்கு இவள்தான் நிற்கப்போகிறாள். நேராகச் சாமி முன்னால் போய் நின்றேன். சந்தோஷம் பாதி, அந்தக் காய்ச்சல் என்னால்தான் வந்ததோ என்று பாதி.

கிளவுஸ் எங்கே, கொஞ்சம் போட்டுப் பழக்கவேண்டும் என்றாள். நான் அப்போது சொன்னதை எத்தனை தடவை நினைத்திருப்பேன். இன்றைக்கு எடுக்கக்கூடாது கண்ணு, பூஜையில் வைத்ததை விஜயதசமி காலையில்தான் எடுக்கவேண்டும், இல்லாவிட்டால் ஆகாது என்றேன். வீட்டுக்காரர் பூஜையில் வைத்த லேப்டாப்பை மதியமே எடுத்து வேலை பார்த்துக்கொண்டிருந்தார். அதற்கு ஒன்றும் சொல்லாதவள் இதற்குச் சட்டம் பேசினேன். லேப்டாப் போனால் ஆபீஸில் வேறு கொடுப்பார்கள், இவளுக்கு இருப்பது ஒரு மேட்ச், அதில் சாமி குற்றம் வந்துவிடக்கூடாது என்ற பயம். அவள் பூஜை அலமாரியை எட்டிப் பார்த்தாள். உள்ளங்கையில் பொட்டு வைத்துக்கொண்டு கிளவுஸ் இரண்டும் சரஸ்வதி படத்துக்கு முன்னால் படுத்திருந்தன. சரி, ஒரு ராத்திரி அவங்க வெச்சுக்கட்டும், அவங்களுக்கு நாலு கை இருக்கே, என்று சிரித்தாள். அவள் இங்கிலீஷில் சொன்னதை நான் தமிழில் எழுதுகிறேன், சிரிப்பு அப்படியேதான்.

சனிக்கிழமை காலை எட்டு மணிக்கு மறுபூஜை முடித்து எடுத்துக் கொடுத்தேன். அவள் சந்தனத்தைத் துடைத்தாள். கையை நுழைத்து விரலை மடக்கினாள். மறுபடி விரித்தாள். உள்ளங்கை முழுக்கச் சின்னச் சின்னதாக வெடிப்பு. இரண்டு கையையும் சேர்த்து அழுத்தித் தேய்த்துப் பார்த்தாள். காகிதம் உரசுகிற சத்தம் வந்தது.

"ஆன்ட்டி, இதை என்ன செஞ்சீங்க?"

சோப்பு என்றேன். அப்புறம் டிரையர் என்றேன். அவள் குழாயில் காட்டி நனைத்தாள், எச்சில் துப்பித் தேய்த்தாள். அந்தப் பிசுபிசுப்புதான் பந்தைப் பிடிப்பது, சூடு பட்டால் செத்துப்போகும் என்று வீட்டுக்காரர் போனில் படித்துச் சொன்னார். அதை அப்போது படிக்கவேண்டுமா? கடை பத்து மணிக்குத் திறக்கும். ஒன்பதரைக்கு அவள் மைதானத்தில் இருக்கவேண்டும். முந்தின நாள் மதியம் கொடுத்திருந்தால் நடந்தே போய் வேறு வாங்கியிருக்கலாம். அவள் இரண்டு ஜோடியையும் பைக்குள் போட்டுக்கொண்டு கிளம்பினாள்.

முதல் பாதிக்குப் புதுசைத்தான் போட்டிருந்தாள். பழசின் கிழிசல் அவளுக்கு இதைவிடப் பயமாக இருந்ததோ என்னவோ. அன்று தூறல் வேறு. அரை மணி நேரம் இருக்கும், இடது பக்கத்திலிருந்து ஒருத்தி தூரத்தில் நின்று அடித்தாள். நேராக நெஞ்சுக்கு வந்த பந்து. பயிற்சியில் அப்படி ஆயிரம் பந்து அவள் பிடித்ததை நான் பார்த்திருக்கிறேன். கைக்குள் வந்தது, நழுவியது, முன்னால் விழுந்தது. ஓடிவந்த இன்னொருத்தி தட்டிவிட்டாள். கோல். நான் முந்தானையை வாயில் வைத்துக்கொண்டேன். இரண்டாம் பாதிக்குப் பழைய கிளவுஸோடு வந்தாள். அதற்குப் பிறகு ஒன்றும் விடவில்லை. வலது மூலையில் தரையோடு தரையாக ஒன்றைத் தள்ளிவிட்டபோது பின்னால் இருந்தவர்கள் எழுந்தே நின்றார்கள். ஆனால் ஒன்றுக்குப் பூஜ்யம், தோல்வி. அடுத்த வாரம் முதல் கீப்பருக்குக் காய்ச்சல் விட்டுவிட்டது.

கிளவுஸால் இல்லை, ஈரப் பந்து, நான் தள்ளிவிட்டிருக்கவேண்டும், பிடிக்கப் போனது என் தப்பு என்று அவள் சொன்னாள். சாம்பாரில் புளி அதிகம் என்று சொன்ன வாய் இது. நம்ப முடியவில்லை.

க்ளப்பின் சொந்த மைதானத்தில் சீசனின் கடைசி மேட்ச் முடிந்து குடும்பங்களை மைதானத்துக்குள் விட்டார்கள். நான் கோச்சிடம் போனேன். வீட்டுக்காரர், வேண்டாம், பேசாமல் வா என்று பின்னாலேயே வந்தார். என்ன பேசவேண்டும் என்பதை நாலு நாளாக மனப்பாடம் செய்திருந்தேன். அந்த கோல் அவள் தப்பில்லை, கிளவுஸைக் கெடுத்தது நான், அதை வைத்து அவளை அனுப்பிவிடாதீர்கள் என்றேன். இலக்கணம் எப்படிப் போனதோ, அவருக்குப் புரிந்தது. பொறுமையாகக் கேட்டார். அந்த மேட்சுக்கும் இதற்கும் சம்பந்தம் இல்லை, கான்ட்ராக்டை நீட்டிப்பதில்லை என்பது ஆகஸ்டிலேயே முடிவான விஷயம், அவளிடம் அப்போதே சொல்லிவிட்டோமே என்றார்.

காரில் வரும்போது வீட்டுக்காரரிடம் கேட்டேன். உங்களுக்குத் தெரியுமா என்று. அவர் வைப்பரைப் போட்டார். மழை நின்று நேரமாகியிருந்தது.

"ஏனுங்க, தெரியுமா தெரியாதா?"

"தெரியும். உன்கிட்ட சொல்லவேண்டாம்னு அவதான் சொன்னா. நீ தாங்கமாட்டேன்னு."

மகளுக்கும் தெரியுமாம். மகனுக்கும் தெரியுமாம். டெக்சஸில் உட்கார்ந்திருப்பவனுக்குத் தெரிகிறது, அவளுக்குத் தினம் தோசை ஊற்றியவளுக்குத் தெரியவில்லை. ஆகஸ்டிலிருந்து ஏற்றிய கற்பூரமெல்லாம் எதற்கு? என்னைக் காப்பாற்றுகிறோம் என்று எல்லோரும் சேர்ந்து என்னைத் தனியாகக் கவலைப்பட விட்டிருக்கிறார்கள்.

வீட்டில் அவள் மேஜையில் உட்கார்ந்து தயிர்சாதம் சாப்பிட்டுக்கொண்டிருந்தாள். எதிரில் உட்கார்ந்தேன். கோச்சிடம் பேசினேன் என்றதும் கையை நிறுத்தினாள். அடுத்த வருஷம் கிடையாது என்று தெரிந்தும் அந்த மேட்சுக்கு ஏன் அப்படி ஓடிவந்தாய் என்று கேட்டேன். இதோடு ஆட்டத்தையே விட்டுவிடப் போகிறாளாம். ஊருக்குப் போய்ப் பிள்ளைகளுக்குச் சொல்லிக்கொடுக்கும் வேலைக்குச் சேர்கிறாளாம். அதனால் அது அவளுக்குக் கடைசி மேட்ச். யாருக்கும் காட்டுவதற்கு இல்லை, ஒரு தடவை முழுசாக நின்றுவிட்டுப் போகலாம் என்று இருந்தாளாம்.

கான்ட்ராக்ட் என்னால் போகவில்லை என்று கோச் சொன்னபோது அரை நிமிஷம் நிம்மதியாக மூச்சு விட்டேன். இப்போது அதுவும் போயிற்று.

"அப்போ நிஜத்தைச் சொல்லு கண்ணு. அந்த கோல் கிளவுஸாலதானே?"

அவள் ஸ்பூனைக் கீழே வைத்தாள். "ஆமா ஆன்ட்டி. ரெண்டு நாள் உங்க மேல ரொம்பக் கோபமா இருந்தேன்."

"இதை அன்னிக்கே சொல்லியிருக்கலாம்ல?"

"சொல்லியிருக்கணும்" என்றாள்.

வீட்டுக்காரர் கதவருகில் செருப்பைக் கழற்றாமல் நின்றுகொண்டிருந்தார், உள்ளே வரலாமா கூடாதா என்று தெரியாமல். நான் அவளுக்கு இன்னும் கொஞ்சம் தயிர்சாதம் வைக்கப் போனேன். போதும் என்றாள். போதும் என்றால் போதும்தான் அவளுக்கு. பாத்திரத்தை எடுத்து உள்ளே வைத்தேன்.