கயிற்றை இழுத்தவள்

பக்கத்து வூட்டுக்காரி நெக்லஸ் வாங்கினா எனக்கு ஒண்ணும் ஆகாது. படிப்பு விஷயத்துல எவளாவது என்னை முந்தினா மட்டும் வயிறு பத்திக்கும். அப்படி ஒருநாள் பத்திக்கிச்சு.

படப்பையில குடியிருந்துகிட்டு, ஒரகடம் பக்கம் ஒரு காலேஜ்ல பாடம் எடுத்துகிட்டு, ஆறு வருஷமா பிஎச்.டி. பண்ணிக்கினு இருந்தேன். அமெரிக்க இலக்கியத்துல ஊரோட ஒத்துப்போகாம எழுதினவங்களைப் பத்தி. அதுல ஒரு கவிஞர், பொம்பளை. வரி ஒழுங்கா போய்க்கினு இருக்கும்போதே சின்னதா ஒரு கோடு போட்டு நிறுத்திடுவா. அந்தக் கோட்டைப் பத்தித்தான் என் கடைசி அத்தியாயம். கைடு ரெண்டு தடவை திருப்பி அனுப்பிட்டார். "எல்லாம் மத்தவங்க சொன்னது. நீ என்னம்மா சொல்றே?" மூணாவது தடவையும் திரும்பி வந்தா அவ்ளோதான், டைம் முடிஞ்சுது, ஆறு வருஷமும் பாழ்.

மாடி ரூம்ல தூத்துக்குடி பக்கத்துப் பொண்ணு ஒருத்தி வாடகைக்கு இருந்தா. கார் பார்ட்ஸ் கம்பெனியில வேலை. மதியம் ஷிப்ட் முடிஞ்சு வந்தவ, நான் பரப்பி வெச்சிருந்த பேப்பரை எட்டிப் பார்த்தா.

"என்னக்கா இது, கோடு கோடா கிடக்கு?"

"கவிதைடி, ஒரு பொம்பளை எழுதினது. ஓடுற லைனை நடுவுல கோடு போட்டு நிறுத்திடுவா."

லைன்னு சொன்னதும் அவளுக்குக் கம்பெனியில பார்ட்ஸ் வரிசையா நகர்ந்து வர்ற லைன்தான் ஞாபகம் வந்திருக்கு.

"எங்க லைன்லயும் ஒரு கயிறு தொங்கும்க்கா. தப்பா எதும் பட்டுச்சுன்னா இழுக்கணும். மொத்த லைனும் நின்னுரும், எல்லாரும் நம்மளையே பாப்பாவ. இந்தப் பொம்பள லைனுக்கு லைன் இழுத்திருக்காளே! என்னா தைரியம்க்கா!"

அடிப்பாவி! இங்கிலீஷ் நாலு வரி சேர்ந்தாப்ல படிக்க மாட்டா. நான் அலமாரி அலமாரியா படிச்சவ. எனக்கு ஏன் தோணலை? "போடி, போய் சாப்பிடு"ன்னு விரட்டினேன். அவ படியேறினதும் ஒரு வார்த்தை விடாம எழுதி வெச்சுகிட்டேன்.

அத்தியாயத்தை அனுப்பின பத்து நாள்ல கைடு போன் பண்ணினார். "அந்தக் கயிறு விஷயம் அபாரம்மா! இதுதான் உன் குரல். இவ்ளோ நாள் எங்கே ஒளிச்சு வெச்சிருந்தே?"

"தோணுச்சு சார்"ன்னேன்.

சாயந்திரம் அவ காய்ஞ்ச துணியோட இறங்கி வந்தா. அத்தியாயம் பாஸ் ஆயிடுச்சுன்னு சொன்னதும் என் கையைப் புடிச்சுகிட்டு அப்படிச் சிரிச்சா. பேச்சை மாத்தணுமேன்னு, "நீ எத்தனை தடவைடி அந்தக் கயித்தை இழுத்திருக்கே?"ன்னு கேட்டேன்.

"ஒரு தடவகூட இல்லக்கா. தப்பு கண்ணுக்குத் தெரியும். பயத்துல கை போகாது."

ஆய்வேட்டை பைண்டிங்குக்குக் குடுத்தேன். நன்றி சொன்ன பக்கத்துல டைப் அடிச்ச கடைக்காரர் பேர்கூட இருக்கு. அவ பேர் இல்ல. எனக்கும் கை போகலை.