தோகுஜியின் சொந்தக் குரல்

தோகுஜிக்கு எத்தனை குரல் என்று கேட்டால் அவர் மனைவி நமியேவாலேயே சொல்ல முடியாது. கார்ட்டூனில் பல்லுப்போன பூசாரி அவர்தான், தும்முகிற கரடிக்குட்டியும் அவர்தான். பிரசவ வலியில் கத்துகிற ராணிக்கு ஆள் வராத அன்று அதையும் கத்திவிட்டு வந்தார். முப்பது வருஷத்தில் கதாநாயகன் வேஷம் ஒன்றுகூடக் கிடைக்கவில்லை. ஆனால் ஒரே காட்சியில் நாலு பேர் அடித்துக்கொள்ள வேண்டுமென்றால் டோக்கியோ ஸ்டூடியோக்காரர்கள் அவரைத்தான் தேடுவார்கள்.

வாசலில் ஷூவைக் கழற்றிக்கொண்டே "வந்துட்டேன்" என்பது மட்டும் அவருடைய சொந்தக் குரல். நமியே கல்யாணம் பண்ணிக்கொண்டது அந்தக் குரலைத்தான்.

மழைக்காலம் தொடங்கியதிலிருந்து அதைக் காணோம். ஒருநாள் வாசலில் பூசாரி வந்து நின்றார், மறுநாள் கரடிக்குட்டி. முதலில் நமியே சிரித்தாள். சோயா சாஸைக்கூட ராணி கேட்க ஆரம்பித்ததும் சிரிப்பு நின்றுபோயிற்று. சந்தேகம் ஒன்று நுழைந்துவிட்டால் போதாதா, கண்ணில் படுவதெல்லாம் சாட்சிதான். ஒலிப்பதிவே இல்லாத புதன்கிழமையில் தாமதமாக வருகிறார். சட்டையில் புதினா வாசனை. குளியலறைக் குழாயைத் திறந்துவிட்டு உள்ளே யாரிடமோ முணுமுணுக்கிறார்.

"யாருங்க அவ?" என்று ஒரு ராத்திரிச் சாப்பாட்டில் நேராகவே கேட்டுவிட்டாள்.

"சந்தேகம் பொல்லாதது மகளே" என்றார் பூசாரி.

சோற்றுக்கரண்டி அவர் காதோரமாகப் பறந்து சுவரில் மோதியது. அக்காள் வீட்டுக்குப் போய்விடுவது என்று மறுநாளே பெட்டியை எடுத்து வைத்தாள்.

ஞாயிற்றுக்கிழமை அவள் துணி மடித்துக்கொண்டிருக்கையில் யமகதாவிலிருந்து மாமியார் ஃபுசாவின் போன் வந்தது. கிழவிக்கு ஒரே உற்சாகம்.

"நமியே, ஒரு திருட்டுப்பய போன் பண்ணான். உங்க பிள்ளைதான் பேசுறேன், சளி பிடிச்சுக் குரல் மாறிடுச்சுங்கிறான். இவனுங்க எல்லாருமே சளியிலதானே ஆரம்பிக்கிறானுங்க! பிள்ளை மாதிரி பேசிக் கிழவிங்ககிட்ட பணம் பறிக்கிறானுங்கன்னு போலீஸ்காரர் கூட்டம் போட்டுச் சொன்னாரே, எனக்கா தெரியாது? நல்லா நாலு வாங்கு வாங்கி வெச்சுட்டேன்."

எந்த நம்பர் என்று நமியே கேட்டாள். கிழவி கண்ணாடியைத் தேடிப் போட்டுக்கொண்டு ஒவ்வொரு எண்ணாக வாசித்தாள். தோகுஜியின் நம்பர்.

குளியலறையில் குழாய் ஓடிக்கொண்டிருந்தது. நமியே கதவில் காதை வைத்தாள். "அம்மா, நான்தான்" என்றது கிழிந்துபோன ஒரு குரல். மறுபடி, கொஞ்சம் தாழ்த்தி. மறுபடி, மூக்கிலிருந்து கொஞ்சம் சேர்த்து. புது வேஷத்துக்கு அவர் குரல் பிடிக்கிற விதம் அவளுக்குத் தெரியாதா? கதவைத் தள்ளித் திறந்தாள்.

தோகுஜியின் குரல்நாணில் ஏதோ வளர்ந்திருக்கிறதாம். புதன்கிழமை டாக்டர், புதினா ஆவி. இழுத்தும் நசுக்கியும் பேசுகிற குரல்களெல்லாம் எப்படியோ தப்பித்துக்கொண்டன, சாதாரணமாகப் பேசுகிறதுதான் போய்விட்டது. ஸ்டூடியோவுக்குத் தெரிந்தால் அடுத்த வாரமே வேறு ஆள் வந்துவிடுவான் என்று அந்தக் கிழிந்த குரலிலேயே சொல்லி முடித்தார். பெட்டியை நினைத்து நமியேவுக்கு வெட்கமாக இருந்தது. தன்னிடம்கூடச் சொல்லவில்லையே என்று கோபமும் வந்தது.

"அம்மாவுக்குப் போன் பண்ணுங்க. உங்களத் திருட்டுப்பயன்னு நெனச்சுட்டு இருக்காங்க" என்றாள்.

சட்டை உரசாமல், மைக் முன்னால் நிற்பது போலவே நிமிர்ந்து நின்றார். "அம்மா, நான்தான்." முப்பது வருஷமாக வாசலில் கேட்ட அதே குரலை, இன்னொரு வேஷம் போலப் பிடித்துவிட்டார்.

"நீயாடா! இப்பத்தான் ஒருத்தன் உன்ன மாதிரியே பேசிப் பார்த்தான். துளிகூடச் சேரலடா."

"அவ்வளவு மோசமாவா நடிச்சான்?"

"அதெல்லாம் ஒரு நடிப்பா? உன்கிட்ட வந்து கத்துக்கச் சொல்லு."

போனை வைத்துவிட்டுத் தோகுஜி குளியலறைக் குழாயை மூடினார்.

மறுநாள் சாயங்காலம் வாசலில் ஷூ கழற்றும் சத்தம் கேட்டது. பேச்சைக் காணோம். நமியே அடுப்படியிலிருந்தே சொன்னாள், "பூசாரியும் வேணாம், நேத்து அம்மாகிட்ட பேசினவரும் வேணாம். வர்ற குரல்ல சொல்லுங்க."

"வந்துட்டேன்" என்றது அந்தக் கிழிந்த குரல். வந்தது யார் என்பதில் நமியேவுக்குச் சந்தேகமே வரவில்லை.