பொழுதுகட்டிப் பாட்டு

கல்யாணமாகி நான் போன வீட்டுக்குச் சொந்தமாக ஒரு பாட்டு இருந்தது. பொழுதுகட்டிப் பாட்டு என்பார்கள். பொள்ளாச்சிப் பக்கம், கோபாலபுரம் செக்போஸ்டுக்கு மேற்கே எங்கள் கடலைக்காடு.

கன்னிமார் சாமி கொடுத்த பாட்டு அது. மழை வருமுன் பறித்த கடலையை வீடு சேர்க்க வேண்டும் என்று கொடுத்தது. முதல் அடியைப் பாடினால் பொழுது நின்றதாகக் கணக்கு. கடைசி அடியைப் பாடினால்தான் இறங்கும். நடுவில் எத்தனை இருட்டினாலும் பகல்தான், வேலை உண்டு. அப்படிப் பாட்டை அவிழ்க்கும் முன்னே வேலையாள் காட்டைவிட்டுப் போனால், போனவர் வீட்டில் எல்லாம் நின்றுவிடும். காட்டுக்காரர்தான் பாட வேண்டும். வேறு வாய் பாடினால் மண் கெட்டுப்போகும்.

என் மாமனார் பாடுவார். நல்ல குரல். முதல் தடவை கேட்டபோது எனக்கும் உடம்பு சிலிர்த்தது. பொய் சொல்லக் கூடாது.

போகப்போக வானம் வெளுத்திருந்த நாளிலும் பாடினார். ஒரு நாள் ஆள்களில் ஒருவர், "பண்ணாடி பொழுதக் கட்டறாரு. அப்படியே எங்க வயித்தையும் கட்டிப்போட்டாருன்னா தேவலீங்க" என்றார்.

"கட்டீரலாம். முந்தி உன்ற வாயக் கட்டோணும்" என்றார் மாமா. எல்லோரும் சிரித்தார்கள். நானும் சிரித்தேன்.

எழுபத்தி நாலோ ஐந்தோ இருக்கும், கடலைப் பறிப்பு. வெகுகாலமாக எங்கள் காட்டில் வேலை செய்த ஒருத்திக்கு மத்தியானம் சேதி வந்தது. மகளுக்கு வலி எடுத்துப் பொள்ளாச்சி ஆஸ்பத்திரியில் சேர்த்திருக்கிறார்கள். தலைப்பிரசவம். மாப்பிள்ளை மூணாறில் தேயிலை வேலை. பக்கத்தில் யாருமில்லை.

"பொழுது எறங்கட்டும், போ" என்றார் மாமா. அதற்கு முன்பே பாட்டைக் கட்டியிருந்தார்.

நான் போசியில் டீ கொண்டுபோனபோது சூரியன் பனைக்குக் கீழே போய்விட்டது. அவள் வந்து நின்றாள்.

"பண்ணாடி, பாட்ட அவுத்துடுங்க. கடைசி பஸ்ஸு போயிருமுங்க."

"என்ன அவசரம். இன்னும் பகல்தானே" என்றார். வேடிக்கை போலச் சொன்னார். யாரும் சிரிக்கவில்லை.

அவிழ்க்காமல் அவள் போகவும் முடியாது. போனால் மகள் வயிற்றில் பிள்ளையும் நின்றுவிடும். அவள் என்னைப் பார்த்தாள். நான் டம்ளரைப் பார்த்தேன்.

"மாமா" என்றேன்.

"நீ போசிய எடுத்துட்டு ஊட்டுக்குப் போ."

அவள் கை மண்ணைத் தட்டினாள். மேற்கே திரும்பி நின்றாள். கடைசி அடியைப் பாடினாள்.

"கட்டுன பொழுதே கழண்டு போ
காட்டத் தாண்டி ஊடு போ."

குரல் நன்றாக இல்லை. கரகரத்தது. பாடி முடித்து வரப்பில் ஓடினாள். மற்றவர்கள் ஒவ்வொருவராக எழுந்தார்கள். மாமா முகத்தை யாரும் பார்க்கவில்லை. பிடுங்கிய செடி அப்படியே கிடந்தது. மாமா குந்தியிருந்தார். நான் போசியோடு நின்றேன். எங்கே பார்ப்பது என்று தெரியவில்லை.

இரண்டு நாள் அவள் வரவில்லை. போய் வேலைக்குக் கூட்டிக்கொண்டு வரச் சொல்லி மாமா என்னை அனுப்பினார். 

அவள் குடிசை வாசலில் இருந்தாள். என்னைக் கண்டதும் எழுந்தாள்.

"பேத்தி பொறந்திருக்குதுங்க அம்மிணி. பஸ்ஸு போயிருச்சு. நடந்தே போனனுங்க. போய்ச் சேர்றதுக்குள்ள பெத்துப்போட்டா. ஆத்தா ஆத்தான்னே கூப்பிட்டுட்டு இருந்தாளாமா."

குறையாகச் சொல்லவில்லை. சேதியாகத்தான் சொன்னாள். பிறகு குரலைத் தாழ்த்தினாள்.

"நான் பாடிப்போட்டனுங்களே. மண்ணு கெட்டுப்போயிருமுங்களா?"

இரண்டு நாளாக அதைத்தான் நினைத்துக்கொண்டு இருந்திருக்கிறாள். எங்கள் மண்ணை.  அவளை வேலைக்குக் கூப்பிடவில்லை. திரும்பி வந்து, வீட்டில் ஆள் இல்லை என்று மாமாவிடம் சொன்னேன்.

அவள் அதற்குப் பிறகு எங்கள் காட்டுக்கு வரவில்லை. அடுத்த வருசம் கடலை எப்போதும் போலத்தான் விளைந்தது. அதைப் போய்ச் சொல்லியிருக்கலாம். கூப்பிடு தூரம்தான் அவள் வீடு. போகவில்லை.