பதினோரு தையல்

கவர்மென்டுக்குச் சப்ளை செய்கிறவனிடம் வந்து 'பிசினஸ் எப்படிப் போகிறது' என்று கேட்டால் எரிச்சல்தான் வரும். எங்கே போகிறது? நான்தான் போகிறேன், மந்தைவெளி வீட்டுக்கும் பில் பாஸ் பண்ணுகிற ஆபீசுக்குமாக.

அரசு விடுதிகளுக்குத் தலையணை உறை கொடுக்கிற டெண்டர் ஒன்று கிடைத்தது. துணி என்னுடையது, தையல் டெய்லர் பாயுடையது. மயிலாப்பூரில் ஒரு சந்துக்குள் நாலு மெஷின் போட்டு, தானும் ஒன்றில் உட்கார்ந்து தைக்கிறவர். பல வருஷப் பழக்கம். சொன்ன தேதிக்கு முந்தின நாளே சரக்கைக் கொண்டுவந்து இறக்கிவிடுவார், அப்படி ஒரு மனுஷன்.

டெண்டரோடு மாதிரிக்கு ஒரு உறை கொடுக்கவேண்டும். அதை அரக்கு சீல் வைத்து எடுத்து வைத்துவிடுவார்கள். பிறகு வருகிற சரக்கை அதோடு ஒப்பிட்டுத்தான் பில் பாஸ் ஆகும். பாய் கொடுத்த உறையில் ஒரு சொட்டு மெஷின் எண்ணெய். கவர்மென்டுக்குப் போகிற பொருள், பளிச்சென்று இருக்கட்டுமே என்று வெந்நீரில் ஊறவைத்துத் துவைத்து, அயர்ன் பண்ணிக் கொடுத்தேன். யார் கேட்டார்கள் என்னை?

சரக்கு மொத்தமும் தரமணி குடோனில் இறங்கி மூன்று மாதம் கழித்து, பணத்துக்குப் பதிலாகக் கடிதம் வந்தது. மாதிரியில் அங்குலத்துக்குப் பதினோரு தையலாம், சப்ளையில் பத்துதானாம். தரம் குறைவு, பில் நிறுத்திவைப்பு.

படித்ததுமே விளங்கிவிட்டது. புதுப் பருத்தித் துணி வெந்நீர் பட்டால் சுருங்கும். துணி சுருங்கினால் தையலும் நெருங்கிப் போகும். பாய் எல்லா உறையையும் ஒரே மாதிரிதான் தைத்திருக்கிறார். மாதிரியை நான்தான் துவைத்துத் தொலைத்திருக்கிறேன்.

எட்டு மாதம் அலைந்தேன். ஒரு நாள் அதிகாரி லீவு, ஒரு நாள் ஃபைல் மாடிக்குப் போயிருக்கிறது, ஒரு நாள் ஃபைல் இறங்கிவிட்டது, ஆனால் கிளார்க் சாப்பிடப் போய்விட்டார். அதற்குள் விடுதிப் பிள்ளைகள் அந்த உறைகளைத் தலைக்கு வைத்துத் தூங்கிக்கொண்டிருந்தார்கள். தரம் குறைவாம், ஆனால் திருப்பித் தரமாட்டார்களாம்.

கடைசியில் ஓர் அதிகாரி உட்காரச் சொன்னார். துவைத்த கதையைச் சொன்னேன். அதை எழுத்தில் கொடுத்தால் மாதிரியில் கைவைத்த குற்றமாகும், டெபாசிட்டும் போய் இனி டெண்டரே போட முடியாது என்றார். தையல் சரியில்லை என்று ஒப்புக்கொண்டு எழுதினால், கொஞ்சம் பிடித்துக்கொண்டு மீதியைக் கொடுத்துவிடலாமாம். நல்லவர்தான், எனக்காகத்தான் சொன்னார்.

எழுதிக் கொடுத்தேன். அவ்வளவு அலுத்துப் போயிருந்தது.

பணம் வந்ததும் பாயின் கூலியை முழுசாகக் கொடுத்தேன், பிடித்தம் என்னோடு போகட்டும் என்று. அதையே பெரிய தர்மமாக வேறு நினைத்துக்கொண்டேன், வெட்கக்கேடு. பில்லில் கொஞ்சம் பிடித்துக்கொண்டார்கள் என்று சொன்னதும், எதற்கு என்று பாய் கேட்டார். தையல் நெருக்கம் போதவில்லையாம் என்றேன்.

மெஷினில் கிடந்த துணியை எடுத்துக் கண்ணுக்குக் கிட்டே பிடித்துத் தையலைப் பார்த்தார். "கண்ணு முன்ன மாதிரி இல்ல போல சார். மனசுல வச்சுக்காதீங்க" என்றார்.

அப்போதே சொல்லியிருக்கவேண்டும். வாய் வரைக்கும் வந்தது. ஒரு முறை சொன்னால் சந்து முழுக்கப் பரவி ஆபீஸ் வரை போய்விடுமோ என்று பயம். டீ வரவழைத்தார், குடித்துவிட்டு எழுந்து வந்தேன்.

போன மாதம் அந்தப் பக்கம் போனபோது அவர் மெஷினில் மருமகன் தைத்துக்கொண்டிருந்தார். பாய் கீழே உட்கார்ந்து, தைத்த துணிகளை மடித்து அடுக்கிக்கொண்டிருந்தார். கண்ணை டாக்டரிடம் காட்டினீர்களா என்று கேட்டேன்.

"காட்டினேன் சார். கண்ணு நல்லாத்தான் கீது, ஒரு குறையும் இல்லன்றாரு. அவருக்கு இன்னா தெரியும்?"